சரடு விடும் சாஸ்திரம்



நான் ஒரு புது விஞ்ஞானம் கண்டுபிடித்திருக்கிறேன். சிரிக்க வேண்டாம். மூன்று வருடம் பாலிடெக்னிக்கில் படித்துவிட்டு ஒன்றுமே கண்டுபிடிக்காமல் போனால் அப்பா கட்டிய ஃபீஸுக்கு என்ன மரியாதை? அதன் பெயர் ‘கதை நெசவியல்’. இதற்குப் பாடப் புத்தகம் கிடையாது, ரெக்கார்டு நோட்டு கிடையாது, முக்கியமாக அரியர் கிடையாது. ஆனால் லேப் உண்டு. நம் ஹாஸ்டல் மெஸ்ஸே அந்த லேப்!

நாம் ‘நடந்தது’ என்று சொல்லிக்கொண்டிருப்பது எல்லாமே ஒரு துணி. தனித்தனி இழைகளை வைத்து யாரோ நெய்தது. பாவும் உண்டு, ஊடையும் உண்டு, கஞ்சி போட்டு விறைப்பாக்கிய பளபளப்பும் உண்டு. துணி நன்றாக இருக்கிறதே என்று தோளில் போட்டுக்கொண்டு போய்விடுகிறோம். இழையைப் பிரித்துப் பார்ப்பதில்லை. இதுதான் என் சாஸ்திரத்தின் அடிப்படை. மெக்கானிக்கல் நண்பர்களும் சிவில் நண்பர்களும் ‘டெக்ஸ்டைல் காரனுக்கு எதைப் பார்த்தாலும் துணிதான்’ என்று சொல்வார்கள் என்று தெரியும். ஆனால் இதில் என் குற்றம் ஒன்றுமில்லை. குற்றம் தமிழுடையது. நூல் என்றால் ஊசியில் கோர்ப்பதும் நூல்தான், லைப்ரரியில் எடுத்துவிட்டுத் திருப்பிக் கொடுக்காமல் இருக்கிறோமே அதுவும் நூல்தான். பா என்றால் கவிதை. தறியில் நீளவாக்கில் ஓடும் பாவுக்கும் அதே பா தான். நன்னூல் எழுதிய பவணந்தி முனிவர், பாயிரத்திலேயே இந்த ஒப்பீட்டை முழுசாகப் போட்டுக் காட்டிவிட்டார். சொல்தான் பஞ்சு, செய்யுள்தான் இழை, புலவன்தான் நூற்கிற பெண், வாய்தான் கை, அறிவுதான் கதிர். ஸ்பின்னிங் பாடத்தை நம் ஆட்கள் எப்போதோ நடத்தி முடித்துவிட்டார்கள்!

அதைவிட வேடிக்கை, பொய்க்கு நாம் வைத்திருக்கும் பெயர்கள். ‘சரடு விடுறான்’ என்கிறோம். ‘கயிறு திரிக்கிறான்’ என்கிறோம். ‘கதை கட்டுறான்’ என்கிறோம். திரிப்பது, கட்டுவது, சரடு என்று எல்லாமே நூல் சம்பந்தப்பட்டது. பொய்யன் வெறும் காற்றிலிருந்து எதையும் செய்வதில்லை, கையில் கிடைத்த பஞ்சைத்தான் முறுக்குகிறான் என்பது நம் பாட்டிமார்களுக்குத் தெரிந்திருக்கிறது.

நெசவு தெரியாதவர்களுக்காகக் கொஞ்சம் விளக்கம். எங்கள் துணிப் பகுப்பாய்வு லேபில் ஒரு துண்டுத் துணியைக் கொடுத்துவிடுவார்கள். அதன்மேல் பிக் கிளாஸை வைத்து, ஒரு அங்குலத்தில் பாவு எத்தனை, ஊடை எத்தனை என்று எண்ண வேண்டும். பிக் கிளாஸ் என்பது மடக்கி வைக்கக்கூடிய சின்னப் பூதக்கண்ணாடி. பித்தளையில் தீப்பெட்டி சைஸில் இருக்கும். (இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பிறகு வருகிறது.) எண்ணிய பிறகு ஊசியால் இழைகளை ஒவ்வொன்றாக உருவ வேண்டும். பத்து அங்குலத் துணியிலிருந்து உருவிய இழையை நேராக நீட்டி அளந்தால் பத்து அங்குலம் இருக்காது. பத்தே முக்கால் இருக்கலாம், பதினொன்றுகூட இருக்கலாம். மற்ற இழைகளுக்கு மேலும் கீழும் வளைந்து வளைந்து போனதால் துணிக்குள் இருக்கும்போது நீளம் தெரிவதில்லை. இந்த வளைவுக்கு கிரிம்ப் என்று பெயர். கதைக்குள் இருக்கும் உண்மைக்கும் இதே கதிதான். உள்ளே இருக்கும்போது குட்டையாகத் தெரியும். உருவி நீட்டினால்தான் அதன் நீளம் தெரியும்.

இன்னொன்று. நல்ல ஆட்டோமேட்டிக் தறியில் ஒவ்வொரு பாவு இழையும் டிராப் ஒயர் என்ற மெல்லிய தகட்டைத் தாங்கிக்கொண்டிருக்கும். இழை அறுந்தால் தகடு கீழே விழும். விழுந்தவுடன் தறி நின்றுவிடும். ஊடை அறுந்தாலும் அப்படித்தான், வெஃப்ட் ஃபோர்க் பார்த்துக்கொள்ளும். இயந்திரத்துக்கு இருக்கிற அந்த யோக்கியதையை நினைத்து நான் பலமுறை ஆச்சரியப்பட்டிருக்கிறேன். ‘இந்த இடத்தில் எனக்கு இழை இல்லை, ஆகவே நான் நெய்ய மாட்டேன்’ என்கிறது அது! கதை சொல்கிற நம் வாய்த் தறியில் டிராப் ஒயர் கிடையாது. இழை அறுந்த இடத்தில் நிற்பதில்லை. ‘அப்படித்தான் இருக்கும்’ என்று சொந்தச் சரக்கிலிருந்து ஒரு இழையை எடுத்து ஓட்டிவிடுகிறோம். நிறம்கூட மாறாது. அதுதான் ஆபத்து.

நம் டெக்ஸ்டைல் காரர்களுக்கு மிகவும் பிடித்த கதை ஒன்றையே எடுத்துக்கொள்வோம். டாக்கா மஸ்லின் நெசவாளர்களின் கட்டைவிரலை வெள்ளைக்காரன் வெட்டினான் என்பது. பள்ளிக்கூட மேடைகளில் நானே இதை நரம்பு புடைக்கப் பேசிப் பரிசாக டிபன் பாக்ஸ் வாங்கியிருக்கிறேன். இந்தத் துணியை உருவிக்கொண்டே பின்னால் போனால், பெரும்பாலும் எல்லோரும் காட்டுவது ஒரே ஒரு பழைய இழையைத்தான். வில்லியம் போல்ட்ஸ் என்பவர் 1772ல் லண்டனில் வெளியிட்ட புத்தகம் அது. கிழக்கிந்தியக் கம்பெனியில் வேலை பார்த்து, பிறகு அதனோடு பகைத்துக்கொண்டு வங்காளத்திலிருந்து வெளியேற்றப்பட்டவர் அவர். அவர் எழுதியிருப்பது மஸ்லின் நெசவாளரைப் பற்றி அல்ல, கச்சாப் பட்டு சுற்றுபவர்களைப் பற்றி. அவர்கள் விரலை யாரும் வெட்டவில்லை. பட்டு சுற்றும்படி தங்களைக் கட்டாயப்படுத்தக் கூடாது என்பதற்காக அவர்களே தங்கள் கட்டைவிரலை வெட்டிக்கொண்ட சம்பவங்கள் உண்டு என்கிறார்.

‘வெட்டினான்’ என்பதற்கும் ‘வெட்டிக்கொண்டான்’ என்பதற்கும் எவ்வளவு தூரம் பாருங்கள்! கம்பெனியைக் காப்பாற்ற நான் இதைச் சொல்லவில்லை. கொஞ்சம் யோசித்தால், உருவி எடுத்த இழை துணியைவிட அதிகம் சுடுகிறது. ஒரு மனிதன் தன் பிழைப்புக்கான விரலைத் தானே நறுக்கிக்கொள்ளும் அளவுக்கு ஆக வேண்டுமென்றால், அந்த வேலை எப்படிப்பட்ட வேலையாக இருந்திருக்கும்? போல்ட்ஸுக்கும் கம்பெனிமேல் காட்டம் இருந்தது, அவர் இழையையும் பிக் கிளாஸ் வைத்துத்தான் பார்க்க வேண்டும். அது வேறு விஷயம். டாக்கா நெசவை அழித்ததில் இங்கிலாந்து போட்ட வரிகளுக்கும், மலிவான மில் நூலுக்கும், மில் துணிக்கும் பெரிய பங்கு உண்டு. ஆனால் வரியைப் பற்றி மேடையில் பேசினால் யார் டிபன் பாக்ஸ் கொடுப்பார்கள்?

‘இதெல்லாம் உன் கற்பனை விஞ்ஞானம்’ என்று வைவாவில் மடக்குவது போல யாராவது மடக்கினால், நிஜ விஞ்ஞானிகள் இரண்டு பேரைச் சாட்சிக்குக் கூப்பிடுவேன்.

ஒருவர் கேம்பிரிட்ஜில் இருந்த உளவியல் அறிஞர் பார்ட்லெட். அமெரிக்கப் பழங்குடி மக்களின் நாட்டுப்புறக் கதை ஒன்றைப் படிக்கக் கொடுத்து, இடைவெளி விட்டு விட்டு அதைத் திரும்ப எழுதச் சொன்னார். ஒருவர் எழுதியதை அடுத்தவர் படித்து எழுதுவது என்று சங்கிலியாகவும் செய்து பார்த்தார். 1932ல் புத்தகமாக வந்தது. படித்தவர்களுக்குப் பழக்கமில்லாத விஷயங்கள் முதலில் உதிர்ந்தன. சிறு ஓடம் சாதாரணப் படகாகியது. கடல்நாய் (சீல்) வேட்டை மீன்பிடிப்பாகியது. கதையில் காரணம் சொல்லாத இடங்களுக்கெல்லாம் அவர்களே காரணம் போட்டுக்கொண்டார்கள். ஒருவர்கூடப் பொய் சொல்லவில்லை என்பதைக் கவனியுங்கள். ஞாபகம் என்பது பீரோவில் வைத்த சட்டையை அப்படியே எடுப்பது அல்ல, ஒவ்வொரு முறையும் புதிதாக நெய்வது.

இன்னொருவர் அமெரிக்காவின் எலிசபெத் லாஃப்டஸ். ஜான் பால்மர் என்பவரோடு சேர்ந்து 1974ல் வெளியிட்ட ஆராய்ச்சி இது. 150 மாணவர்களுக்குக் கார் விபத்துப் படம் ஒன்றைக் காட்டினார்கள். 50 பேரிடம் ‘கார்கள் நொறுங்க மோதியபோது என்ன வேகம்?’ என்றும், 50 பேரிடம் ‘இடித்தபோது என்ன வேகம்?’ என்றும் கேட்டார்கள். மீதி 50 பேரிடம் வேகத்தைப் பற்றிக் கேட்கவே இல்லை. ஒரு வாரம் கழித்து எல்லோரிடமும் ஒரே கேள்வி: ‘உடைந்த கண்ணாடியைப் பார்த்தீர்களா?’ நொறுங்கல் கோஷ்டியில் 16 பேர் ‘பார்த்தேன்’ என்றார்கள். இடித்தல் கோஷ்டியில் 7 பேர், கேட்காத கோஷ்டியில் 6 பேர். படத்தில் உடைந்த கண்ணாடியே கிடையாது! ஒரே ஒரு வினைச்சொல் போய் இல்லாத கண்ணாடியை உடைத்திருக்கிறது.

இந்த ஆராய்ச்சியைப் படித்த அன்று ராத்திரி எனக்குத் தூக்கம் வரவில்லை. ஏனென்றால் அதுபோல ஒரு சொல்லை நானும் போட்டிருக்கிறேன்.

சுற்றி வளைக்காமல் சொல்லிவிடுகிறேன். இந்தக் கட்டுரையே அதற்காகத்தான்.

போன அக்டோபரில் எங்கள் லேபில் ஒரு பிக் கிளாஸ் காணாமல் போனது உங்களில் பலருக்குத் தெரியும். ஒரு இரண்டாம் ஆண்டுத் தம்பியின் பெயர் அதோடு சேர்த்துப் பேசப்பட்டதும் தெரியும். பெயர் இங்கே வேண்டாம், ஏற்கெனவே போதுமான அளவு சொல்லியாகிவிட்டது. வெள்ளிக்கிழமை சாயங்காலம் லேபை மூடும்போது ஒன்று குறைந்தது. அன்று ராத்திரி மெஸ்ஸில் இட்லி பரிமாறி முடிவதற்குள் முழுத் துணியும் நெய்து முடிந்துவிட்டது. என் சாஸ்திரப்படி அதை இப்போது உருவிக் காட்டுகிறேன்.

கடைசியாக அந்தப் பிக் கிளாஸ் இருந்தது அவன் மேஜையில். இது உண்மை. அன்று சாயங்காலம் அவன் பையோடு ஊருக்குப் போனான். இதுவும் உண்மை. திங்கட்கிழமை திரும்பி வந்து, இரண்டு மாத மெஸ் பாக்கியை மொத்தமாகக் கட்டினான். அதுவும் உண்மைதான், ரசீது இருக்கிறது. மூன்று இழையிலும் குறை சொல்ல முடியாது. இந்த மூன்றையும் கட்டிய ஊடை எது தெரியுமா? ‘அதனால’ என்ற ஒரு சொல். அதை யாரும் பார்க்கவில்லை, யாரிடமும் சாட்சி இல்லை. அது மெஸ்ஸில் நெய்தது.

ஒரு பிக் கிளாஸைத் திருட்டு விலைக்கு விற்றால் என்ன கிடைக்கும்? சில நூறு ரூபாய். இரண்டு மாத மெஸ் பாக்கி எவ்வளவு? பல ஆயிரம். கவர் ஃபேக்டர் கணக்கெல்லாம் போடத் தெரிந்த நாற்பது டெக்னீஷியன்கள் அந்த மெஸ்ஸில் உட்கார்ந்திருந்தோம். ஒருத்தனுக்கும் இந்தக் கழித்தல் கணக்கு தோன்றவில்லை. அந்தப் பணம் அவனுடைய அம்மா மகளிர் குழுவில் கடனாக வாங்கிக் கொடுத்தது. இது எனக்குத் தெரிய நான்கு மாதம் ஆயிற்று. யாராவது கேட்டிருந்தால் நான்கு நிமிடத்தில் தெரிந்திருக்கும்.

என் பங்கு என்ன? அன்று நாலரை மணிக்கு கேட் பக்கம் அவனைப் பார்த்தவன் நான்தான். மெஸ்ஸில் பேச்சு ஓடியபோது, எனக்கும் சொல்ல ஒரு விஷயம் இருக்கிறதே என்ற குஷியில் சொன்னேன்: ‘ஆமா, நானும் பாத்தேன்டா. அவசரமா போனான்.’

அவசரமாகத்தான் போனான். பொய் இல்லை. ஓடினான் என்றே சொல்லலாம். ஆனால் நண்பர்களே, நம் கல்லூரி வாசலில் அந்த நாலரை மணி பஸ்ஸுக்கு யார்தான் நடந்து போயிருக்கிறோம்? அடுத்த பஸ் ஆறேகாலுக்கு. அன்றைக்கு நானும் அதே பஸ்ஸுக்குத்தான் ஓடினேன், இடம் இல்லாமல் திரும்பி வந்தேன்! நானும் ஓடினேன் என்பதை நான் சொல்லவில்லை. அந்த இழை மட்டும் துணியிலிருந்து விட்டுப்போயிற்று. ‘அவசரமா’ மட்டும் நின்றது. பத்து மணிக்கு அது ‘பதட்டமா’ ஆகியிருந்தது. மறுநாள் காலையில் ஒருவன் என்னிடமே வந்து, ‘பையை நெஞ்சோட அணைச்சுக்கிட்டு ஓடினானாமே’ என்றான். நான் மறுக்கவில்லை. உண்மையைச் சொல்லப்போனால், அப்படித்தான் ஓடினானோ என்று எனக்கே ஞாபகம் வர ஆரம்பித்தது. அதுதான் லாஃப்டஸின் கண்ணாடி.

யாரும் அவன்மேல் புகார் எழுதவில்லை. யாரும் விசாரிக்கவில்லை. விசாரித்திருந்தால்கூட அவனுக்குப் பேச ஒரு வாய்ப்பு கிடைத்திருக்கும். நடந்ததெல்லாம் இவ்வளவுதான்: அந்த வாரம் எங்கள் பிளாக்கில் எல்லா டிரங்குப் பெட்டிகளுக்கும் புதுப் பூட்டு வந்தது. அவன் ரூமுக்குள் நுழைந்தால் பேச்சு நின்றது. தீபாவளிக்கு ஊருக்குப் போனவன் திரும்பி வரவில்லை. மூன்றாம் பருவத் தேர்வும் எழுதவில்லை.

பிப்ரவரியில் லேபைச் சுத்தம் செய்தோம். தறிக்குப் பின்னால் கிடந்த வேஸ்ட் நூல் மூட்டையைக் கவிழ்த்தபோது, சிக்கு நூலுக்கு நடுவே டிங் என்று விழுந்தது பிக் கிளாஸ். மேஜையைத் துடைத்தவர்கள் நூலோடு சேர்த்து வாரிப் போட்டிருக்கிறார்கள். அன்று மேஜைகளைத் துடைத்த கோஷ்டியில் மூன்றாம் ஆண்டுக்காரர்களும் இருந்தோம். நானும் இருந்தேன்.

இனிமேல்தான் நான் எல்லோரிடமும் கேட்க நினைப்பது. காணாமல் போன செய்தி ஒரே ராத்திரியில் நான்கு பிளாக்குக்கும் போனது. கிடைத்த செய்தி எங்கே போனது? லேபில் இருந்த ஏழெட்டுப் பேர், ‘அட, இங்கயா கெடந்துச்சு’ என்றார்கள். பிக் கிளாஸை டிராயரில் வைத்தார்கள். டீ குடிக்கப் போனார்கள். நானும் போனேன். குடித்துக்கொண்டிருக்கும்போதே ஒருவன், ‘யாரோ பயந்துட்டுத் திருப்பிக் கொண்டாந்து போட்டிருப்பாங்கடா’ என்றான். பாருங்கள், பொருளே கிடைத்த பிறகும் தறி நிற்கவில்லை!

என் அப்பா கைத்தறி நெசவாளர். குழித்தறியில் டிராப் ஒயர் கிடையாது, கண்ணும் காலும்தான். சின்ன வயதில் நான் தார் சுற்றிக்கொண்டே வேடிக்கை பார்ப்பேன். ஒற்றை இழை அறுந்தாலும் நாடாவை நிறுத்திவிடுவார். ‘ஒரு இழைதானேப்பா, ஓட்டிரலாமே’ என்றால், ‘இப்ப ஒண்ணு கண்ணு. ஒரு முழம் போனா அது பக்கத்துல இருக்கறதையும் இழுத்துட்டுப் போயிரும். அப்பறம் அறுத்துத்தான் பிரிக்கணும்’ என்பார். முடிச்சுப் போட்ட இடத்தை நகத்தால் தடவிப் பார்த்துவிட்டுத்தான் மறுபடி மிதிப்பார்.

போன மாதம் அந்தத் தம்பியைப் பார்க்கப் போனேன். ஊருக்குப் பக்கத்தில் ஒரு விசைத்தறிக் கூடத்தில் நான்கு தறி ஓட்டுகிறான். தறிச் சத்தத்தில் பேச முடியாது, காதோரம் வந்து கத்த வேண்டும். ‘வாங்கண்ணா’ என்றான், பழைய மாதிரியே. வாங்கிக்கொண்டு போன வடையை அங்கேயே பிரித்துப் பக்கத்துத் தறிக்காரருக்கும் கொடுத்தான். பிக் கிளாஸ் கிடைத்ததைச் சொன்னேன். எங்கே என்று கேட்டான். சொன்னேன். ‘அந்த மூட்டைய அன்னிக்கே பாத்திருக்கலாங்ண்ணா’ என்றான். அவ்வளவுதான். கோபப்பட்டிருந்தால் எனக்குக் கொஞ்சம் நிம்மதியாக இருந்திருக்கும். பஸ் விஷயத்தையும் சொன்னேன், ‘அவசரமா’ என்று சொன்னது நான்தான் என்பதையும். அது அவனுக்குச் சரியாகக் கேட்டதா இல்லையா என்று தெரியவில்லை. சத்தம் அப்படி. நடுவில் எழுந்து போய் ஒரு தறியை நிறுத்தி, அறுந்த இழையைப் பிடித்து முடிச்சுப் போட்டுவிட்டு வந்தான். ‘இதுல டிராப் ஒயர் இல்லீங்ண்ணா, பாத்துட்டே இருக்கணும்’ என்றான்.

அந்தச் சத்தத்தில் அவனுக்குக் கேட்காமல் போயிருந்தால் என்ற எண்ணத்தில்தான் இங்கே அச்சில் சொல்கிறேன். பிக் கிளாஸை அவன் எடுக்கவில்லை. அது வேஸ்ட் மூட்டையில் இருந்தது. அன்று மேஜையைத் துடைத்தவர்களில் நானும் ஒருவன். நாலரை பஸ்ஸுக்கு நானும்தான் ஓடினேன். இந்த நான்கு வரியை மெஸ் நோட்டீஸ் போர்டில் ஒட்ட வேண்டும் என்று மாணவர் சங்கத்திடம் எழுதிக் கொடுத்திருக்கிறேன். ஒட்டுவதாகச் சொல்லியிருக்கிறார்கள். யார் கிழித்தாலும் மறுபடி எழுத என்னிடம் பேப்பர் இருக்கிறது.

படிப்பை இடையில் விட்டவர்கள் திரும்பச் சேர்வதற்கு என்னென்ன வேண்டும் என்று ஆபீஸில் கேட்டு வந்திருக்கிறேன். அவனுடைய மெஸ் ரசீதும் பழைய அடையாள அட்டையும் தேவைப்படுமாம். ரசீது அம்மாவிடம் இருக்கிறது என்கிறான். மற்றபடி, ‘பாக்கலாங்ண்ணா’ என்கிறான். ஞாயிற்றுக்கிழமை அவனுக்கு ஷிப்ட் இல்லை. நாலரை பஸ்ஸைப் பிடித்தால் போய்விட்டு ராத்திரியே திரும்பிவிடலாம். யாராவது கூட வருவதாக இருந்தால் பி பிளாக் 14ஆம் நம்பர் ரூமில் சொல்லுங்கள்.